வளைந்து சேர்ந்த கால், காகிதத்தில் ஒரு வரி

(முள்ளிப்பட்டில் நெசவாளர் குடும்பங்கள் கூடியிருந்த கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



இன்னிக்கு நான் பேசப்போறது ஒரே ஒரு வரியைப் பற்றி. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அனுப்பும்போது டிஸ்சார்ஜ் சம்மரி தருவாங்க. அதில் மேலே பெயர், வயது, சேர்ந்த தேதி எல்லாம் இருக்கும். அதுக்குக் கீழே 'டயக்னோசிஸ்' என்று ஒரு வரி. நோய் அல்லது காயம் என்ன என்பதை மருத்துவர் எழுதுகிற இடம் அது. சில ஆஸ்பத்திரிகளில் அதன் பக்கத்திலேயே ஓர் எழுத்தும் சில எண்களும் இருக்கும். சிலவற்றில் அது நம் கண்ணுக்குப் படாமல் கம்ப்யூட்டருக்குள் மட்டும் இருக்கும். நம்மில் முக்கால்வாசிப் பேர் அந்த வரியைப் படிப்பதே இல்லை. மாத்திரை எத்தனை வேளை, மறுபடி எப்போ வரணும், இவ்வளவுதான் பார்ப்போம்.

அந்த வரியைப் படிக்காமல் விட்டதால் எந்தக் காய்ச்சலும் அதிகமாகிவிடாது. ஆனால் கால் முறிந்து, அது சரியாகச் சேராமல் வளைந்து சேர்ந்துவிட்டால் அந்த ஒரு வரிக்கு ரொம்ப மதிப்பு வந்துவிடும். அதுவும் உங்களுக்கு. குழித்தறியில் உட்காருகிறவருக்குக் கை எவ்வளவு முக்கியமோ கால் அவ்வளவு முக்கியம். குழிக்குள் காலை விட்டு நாள் முழுக்க மிதியை மாற்றி மாற்றி அழுத்துகிற வேலை. மிதி சரியாக இறங்காவிட்டால் பாவு சரியாகத் திறக்காது, நாடா ஓடாது. புவிசார் குறியீடு வாங்கிய ஆரணிப் பட்டு என்று ஊரெல்லாம் சொல்கிறோம். அந்தப் பட்டுக்குப் பின்னால் முழங்காலுக்குக் கீழே நேராக இருக்கிற இரண்டு கால்கள் இருக்கு.

முதல்ல எலும்பைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். முழங்காலுக்கும் கணுக்காலுக்கும் நடுவில் இரண்டு எலும்பு. உடம்பு எடையைத் தாங்குகிற பெரிய எலும்பு டிபியா. வெளிப்பக்கம் இருக்கிற மெல்லியது ஃபிபுலா. உங்க காலின் முன்பக்கத்தைத் தடவிப் பாருங்க. தோலுக்குக் கீழே நேராக எலும்புதான் கைக்குப் படும். நடுவில் சதை இல்லை. அதனால்தான் வண்டி மோதினால் அந்த இடத்தில் எலும்பு சீக்கிரம் வெளியே வந்துவிடுகிறது. சதை குறைவு, அதனால் ரத்த ஓட்டமும் குறைவு. சேருவதற்குப் பல மாதம் பிடிக்கிறது. சர்க்கரை நோய், பீடி சிகரெட் பழக்கம் இருப்பவர்களுக்கு இன்னும் இழுக்கும்.

முறிந்த எலும்பு ஒழுங்காகச் சேரவில்லை என்று நாம் பொதுவாகச் சொல்கிறோம். மருத்துவர்கள் அதை மூன்றாகப் பிரிப்பார்கள். சேருகிறது, ஆனால் மெதுவாகச் சேருகிறது என்றால் அது தாமதம், டிலேய்டு யூனியன். சேரவே இல்லை, நடுவில் இடைவெளி அப்படியே நிற்கிறது என்றால் நான்-யூனியன். 9 மாதம் ஆகியும், அதில் கடைசி 3 மாதம் எக்ஸ்ரேயில் எந்த முன்னேற்றமும் தெரியவில்லை என்றால் இப்படிச் சொல்வது பரவலான வழக்கம். மூன்றாவதுதான் இன்றைய பேச்சு: மால்-யூனியன். எலும்பு உறுதியாகச் சேர்ந்துவிட்டது, ஆனால் கோணலாக, முறுக்கிக்கொண்டு, அல்லது குட்டையாகச் சேர்ந்துவிட்டது. இதில் வலி குறைவாகக்கூட இருக்கலாம். நடக்கவும் முடியும். அதனாலேயே 'சேர்ந்துடுச்சு, விடு' என்று இருந்துவிடுகிறோம். பக்கவாட்டில் 5 டிகிரி வரை, முன்பின்னாக 10 டிகிரி வரை, நீளத்தில் ஒரு சென்டிமீட்டர் வரை வித்தியாசம் இருந்தால் பொதுவாக எலும்பு மருத்துவர்கள் பெரிதாகக் கவலைப்பட மாட்டார்கள். அதைத் தாண்டினால் முழங்காலிலும் கணுக்காலிலும் எடை ஒரு பக்கமாக விழும். வருஷங்கள் போகப்போக மூட்டு தேயும்.

இனி குறியீட்டுக்கு வருவோம். உலக சுகாதார நிறுவனம் எல்லா நோய்க்கும் காயத்துக்கும் ஒரு எண் வைத்திருக்கிறது. அந்தப் பட்டியலுக்கு ஐ.சி.டி. என்று பெயர். இதன் வேர் 1893-க்குப் போகிறது. ழாக் பெர்த்தியோன் என்ற பிரெஞ்சுப் புள்ளியியலாளர் இறப்புக் காரணங்களை வகைப்படுத்தி ஒரு பட்டியல் கொடுத்தார், அதிலிருந்து வளர்ந்தது. பத்தாவது பதிப்பு 1990-ல் ஏற்கப்பட்டது. அதற்கடுத்த பதினோராவது பதிப்பு 2022-ல் அமலுக்கு வந்துவிட்டாலும் நம்ம ஊர்க் காகிதங்களில் நீங்க பார்க்கிறது பெரும்பாலும் பத்தாவதுதான்.

அந்தப் பத்தாவதில் முழங்காலுக்குக் கீழே முறிவு என்றால் எஸ் 82. டிபியாவின் நடுப்பகுதி முறிந்தால் எஸ் 82.2. கூடவே ஃபிபுலா முறிந்தாலும் அதே எண்தான். கணுக்கால் பக்கம் முறிந்தால் வேறு எண். இது புதுக் காயத்துக்கு. அதே கால் எட்டு மாதம் கழித்து வளைந்து சேர்ந்திருந்தால் அது எஸ் வரிசையிலிருந்து வெளியே வந்து எம் வரிசைக்குப் போய்விடும். எம் 84.0 என்றால் முறிவு தவறாகச் சேர்ந்தது. 84.1 என்றால் சேரவில்லை. 84.2 என்றால் தாமதம். பின்னால் ஒரு 6 சேர்த்து எம் 84.06 என்று எழுதினால் இடம் கீழ்க்கால் என்று பொருள். டி 93.2 என்று இன்னொன்றும் இருக்கு, காலில் ஏற்பட்ட பழைய முறிவின் பின்விளைவு என்று சொல்ல. இதையெல்லாம் நீங்க மனப்பாடம் செய்யவேண்டாம். எஸ் என்றால் புதுக் காயம், எம் என்றால் அதுக்கப்புறம் எலும்பில் நின்றுபோன கோளாறு. இந்த ஒரு வித்தியாசம் போதும்.

நம்ம வீட்டுப் பிள்ளைகளில் சிலருக்கு இது என்னைவிட நன்றாகத் தெரியும். டிகிரி முடித்துவிட்டு சென்னையிலும் திருச்சியிலும் கோவையிலும் மெடிக்கல் கோடிங் வேலைக்குப் போகிறார்களே, அவர்கள் பார்க்கிறது இதைத்தான். அமெரிக்க ஆஸ்பத்திரிக் குறிப்புகளைப் படித்து எண் போடுகிற வேலை. 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் ஐ.சி.டி.-10-ன் விரிவாக்கப்பட்ட வடிவம் நடைமுறையில் இருக்கு. அதில் கால் முறிவுக்கு ஏழு இடம். எஸ் 82.221 என்றால் வலது கால் டிபியா, நடுப்பகுதி, குறுக்கே முறிந்து விலகியது. கடைசி எண் 2 ஆனால் இடது கால். அதற்குப் பிறகு ஏழாவதாக ஒரு எழுத்து. முதல் சிகிச்சை என்றால் ஏ, வழக்கம்போல ஆறிவருகிறது என்றால் டி, தாமதம் என்றால் ஜி, சேரவில்லை என்றால் கே, கோணலாகச் சேர்ந்தது என்றால் பி. தோல் கிழிந்த முறிவுக்கு இவையே வேறு எழுத்துகளாக மாறும். இப்படி மொத்தம் 16 எழுத்து. ஆக, அவர்கள் முறையில் வளைந்த கால் கடைசிவரை எஸ் வரிசையிலேயே இருக்கும், வால் மட்டும் மாறும். நம்முடைய முறையில் வீடே மாறும்.

அந்தப் பிள்ளைகளிடம் கேட்டுப் பாருங்க, ஒரு கண்டிப்பான விதி சொல்வார்கள். மருத்துவர் எழுதாததை கோடர் போடக்கூடாது. எக்ஸ்ரேயில் எலும்பு வில் மாதிரி வளைந்திருப்பது கண்ணுக்கே தெரிந்தாலும், மருத்துவர் குறிப்பில் 'மால்-யூனியன்' என்ற சொல் இல்லையென்றால் கோடர் தானாக முடிவுக்கு வரமுடியாது. 'பழைய கால் முறிவு, தொடர் பார்வை' என்று மட்டும் எழுதியிருந்தால் வழக்கம்போல ஆறிவருகிறது என்ற எழுத்துதான் விழும். விதி நியாயமானதுதான். எண் போடுகிறவர் வைத்தியர் இல்லையே. ஆனால் அதன் விளைவைப் பாருங்க: மருத்துவர் அவசரத்தில் விட்ட ஒரு சொல், காகிதத்தில் உங்க காலை நேராக்கிவிடுகிறது.

இது எங்கே இடிக்கும்? ஒருவரை எடுத்துக்கொள்வோம். கற்பனைதான், பெயர் வேண்டாம். வயது 38, முள்ளிப்பட்டில் தறி. ஆரணி டவுனில் சாமான் வாங்கிவிட்டு பைக்கில் வரும்போது கார் மோதி வலது காலில் இரண்டு எலும்பும் முறிந்துவிட்டது. 108-ல் கூட்டிப்போனார்கள். 'இன்னுயிர் காப்போம் - நம்மைக் காக்கும் 48' திட்டம் 2021 டிசம்பர் 18-ம் தேதி மேல்மருவத்தூரில் தொடங்கப்பட்டது. சாலை விபத்தில் அடிபட்டவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம், காப்பீட்டு அட்டை இருக்கிறதா, எந்த ஊர்க்காரர் என்று பார்ப்பதில்லை. அது அவருக்குக் கிடைத்தது. கட்டுப் போட்டு அனுப்பினார்கள். ஆறு வாரம் கழித்து எக்ஸ்ரேக்கு வரச் சொன்னார்கள். கல்யாண சீசன், ஆர்டர் நிறைய. அவர் போகவில்லை. எட்டாவது மாதம் பார்த்தால் கால் உள்பக்கமாக வளைந்திருக்கு, மிதியில் பாதம் சரியாகப் பதியவில்லை.

இப்போ அவருக்கு மூன்று கதவு தட்டவேண்டியிருக்கு. மூன்றிலும் இதே காலை வேறு வேறு விதமாக அளப்பார்கள். இதுதான் நம்மவர்களுக்குப் புரியாமல் போகிற இடம்.

முதலாவது சிகிச்சை. எலும்பை மறுபடி வெட்டி நேராக்கிப் பொருத்துகிற அறுவை சிகிச்சை இருக்கு. வெளியே வளையம் மாட்டி மெல்ல மெல்ல நேராக்குகிற இலிசரோவ் முறையும் இருக்கு, சைபீரியாவில் குர்கன் என்ற ஊரில் வேலை பார்த்த மருத்துவர் கண்டுபிடித்தது. எது பொருந்தும் என்பதை எலும்பு மருத்துவர் சொல்வார். செலவுக்கு 48 மணி நேரத் திட்டம் இப்போ உதவாது, அது விபத்து நடந்த நேரத்துக்கானது. முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம்தான் கைகொடுக்கணும். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்கிற குடும்பங்களுக்கு, ஒரு குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை. இதில் ஆஸ்பத்திரி முன்னனுமதி கேட்டு விண்ணப்பிக்கும். எந்த நோய்க்கு எந்தச் சிகிச்சைத் தொகுப்பு என்று இரண்டும் பொருந்தணும். விபத்துத் தேதி எட்டு மாதத்துக்கு முன்னால் இருக்க, நோய் என்ற இடத்தில் புது முறிவு என்று எழுதியிருந்தால் கேள்வி வராமல் இருக்குமா? வலது காலுக்குப் பதில் இடது கால் என்று இருந்தால் சொல்லவே வேண்டாம். பதில் எழுதி, திருத்தி, மறுபடி அனுப்பி முடிப்பதற்குள் நோயாளி வார்டில் காத்திருப்பார், தறி வீட்டில் காத்திருக்கும்.

இரண்டாவது, மாற்றுத்திறனாளி அடையாள அட்டை. இங்கே ஐ.சி.டி. எண்ணுக்கு அவ்வளவு வேலை இல்லை. அரசு ஆஸ்பத்திரியில் மருத்துவக் குழு காலை அளந்து சதவீதம் போடும். மூட்டு எவ்வளவு மடங்குகிறது, நின்றால் எவ்வளவு உறுதி என்று இரண்டு பக்கமும் பார்ப்பார்கள். கால் குட்டையாகிவிட்டால் 2018-ல் வெளிவந்த மத்திய அரசு நெறிமுறைப்படி முதல் அரை அங்குலத்துக்கு எதுவும் கிடையாது, அதற்குமேல் ஒவ்வொரு அரை அங்குலத்துக்கும் 4 சதவீதம். இரண்டு அங்குலம் குட்டை என்றாலே 12 சதவீதம்தான் அந்த வகையில் சேரும். 2016-ம் ஆண்டுச் சட்டப்படி முக்கியமான சலுகைகளுக்கு 40 சதவீதம் வேண்டும். வெளிப்படையாகச் சொல்கிறேன், வளைந்து சேர்ந்த கால் மட்டும் உள்ள பலர் 40-ஐத் தொடமாட்டார்கள். யாராவது 'நான் வாங்கித் தர்றேன், இவ்வளவு கொடு' என்றால் நம்பாதீங்க. விண்ணப்பத்தை ஆன்லைனில் நீங்களே போடலாம், கட்டணம் இல்லை.

மூன்றாவது, விபத்து இழப்பீட்டு வழக்கு. இதில்தான் ஒரு நல்ல சேதி இருக்கு, கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். 1991 அக்டோபரில் வட இந்தியாவில் நடந்த ஒரு விபத்து. பாலாடைக்கட்டி விற்கிற ஒருவருக்கு இடது காலில் இரண்டு எலும்பும் முறிந்தது, இடது கையில் ரேடியஸ் எலும்பும் முறிந்தது. வழக்கு நடந்து நடந்து உச்ச நீதிமன்றம் வரை போய் 2010 அக்டோபரில் தீர்ப்பு வந்தது. மருத்துவச் சான்றிதழில் 45 சதவீத ஊனம் என்று இருந்தது. தீர்ப்பாயம் அதை அப்படியே எடுத்து, சம்பாத்தியமும் 45 சதவீதம் போய்விட்டது என்று கணக்குப் போட்டுவிட்டது. உச்ச நீதிமன்றம் என்ன சொன்னது? அந்த 45 அந்த ஒரு காலுக்கு, முழு உடம்புக்கு இல்லை. முழு உடம்புக்கு 25, சம்பாதிக்கும் திறனில் இழப்பு 20 என்று குறைத்தது. அவர் அந்தக் காலோடும் வியாபாரம் பார்க்கமுடியும், கொஞ்சம் சிரமப்படுவார் என்பது காரணம்.

'இதில் என்ன நல்ல சேதி, குறைத்துத்தானே விட்டார்கள்' என்று கேட்பீர்கள். அதே தீர்ப்பில் இன்னொன்றும் சொல்லியிருக்கிறார்கள். ஒரே காயம் ஒருவருடைய தொழிலைப் பொறுத்து வேறு வேறு இழப்பைத் தரும். இடது கையை இழந்தவர் டிரைவர் அல்லது தச்சர் என்றால் கிட்டத்தட்ட முழு வருமானமும் போய்விடும், அரசு அலுவலகத்தில் எழுத்தர் என்றால் வேலை போகாமலே இருக்கலாம் என்று உதாரணம் காட்டியிருக்கிறார்கள். அப்படியானால் குழித்தறிக்காரரின் கால்? உட்கார்ந்து வியாபாரம் பார்க்கிறவர் கால் வளைவதும் மிதி அழுத்துகிறவர் கால் வளைவதும் ஒன்றா? இதை நீதிமன்றத்தில் எடுத்துச் சொல்ல அந்தத் தீர்ப்பே வழி காட்டுகிறது. தொகையில் எவ்வளவு வித்தியாசம் என்று பாருங்க. நம்ம கற்பனை நெசவாளருக்கு மாத வருமானம் 12,000 என்று வைப்போம், ஆண்டுக்கு 1,44,000. 36 முதல் 40 வயதுக்கு நீதிமன்றங்கள் பெருக்குகிற எண் 15. ஆக 21,60,000. மற்ற கணக்குகளை விட்டுவிட்டு இதை மட்டும் பார்த்தால், இழப்பு 20 சதவீதம் என்றால் 4,32,000. 40 என்றால் 8,64,000.

ஆனால் அதுக்கு ஆதாரம் வேண்டும். கால் முறிந்தது என்ற காகிதம் போதாது, அது வளைந்து சேர்ந்தது என்ற காகிதம் வேண்டும், அந்த வளைவால் தறியில் உட்காரமுடியவில்லை என்பதும் தெரியவேண்டும். சதவீதச் சான்றிதழை யாரோ ஒரு மருத்துவர் எழுதித் தந்தால் ஆகாது. சிகிச்சை தந்தவரோ மருத்துவக் குழுவோ சொன்னால்தான் எடை. தாராளமாகச் சான்றிதழ் எழுதித் தருகிறவர்கள் விஷயத்தில் கவனமாக இருக்கவேண்டும் என்றும் அதே தீர்ப்பு எச்சரிக்கிறது.

இங்கே ஒரு சிக்கல் இருக்கு, எனக்கு இது நியாயமாகவே படவில்லை. மோட்டார் வாகனச் சட்டத்தில் 2019-ல் செய்த திருத்தப்படி, 2022 ஏப்ரல் 1 முதல் இழப்பீட்டு மனுவை விபத்து நடந்து 6 மாதத்துக்குள் போடவேண்டும். டிபியா எலும்பு சேர்ந்ததா, கோணலாகச் சேர்ந்ததா என்று தெரிவதற்கே சில சமயம் அவ்வளவு மாதம் ஆகிவிடுகிறது! கால் என்ன ஆகும் என்று பார்த்துவிட்டு மனு போடலாம் என்று உட்காராதீங்க. மனுவை முதலில் போட்டுவிடுங்க, பின்னால் வருகிற மருத்துவக் காகிதங்களை வழக்கு நடக்கும்போது சேர்க்கலாம். வக்கீலுக்குப் பணம் இல்லை என்றால் 15100-க்குப் போன் செய்யுங்க, இலவச சட்ட உதவிக்கான எண்.

கட்டு கட்டுகிற இடத்துக்குப் போவதைப் பற்றியும் கேட்பீர்கள். புத்தூர் கட்டு என்றால் இந்தப் பக்கத்தில் தெரியாதவர் யார்? நான் அதில் நல்லது கெட்டது பேச வரவில்லை. எங்கே போனாலும் முன்னால் ஒரு எக்ஸ்ரே, கட்டுப் போட்ட பிறகு ஒரு எக்ஸ்ரே எடுத்துத் தேதியோடு வைத்துக்கொள்ளுங்க. தோல் கிழிந்து எலும்பு தெரிந்தால் மட்டும் வேறு எங்கேயும் போகாமல் நேராக ஆஸ்பத்திரிக்குப் போகணும், அதில் யோசிக்க இடமே இல்லை.

சரி, கையில் போன் இருக்கு. என்ன செய்யலாம்? டிஸ்சார்ஜ் ஆகிற அன்றைக்கே, கவுண்டரைவிட்டு நகர்வதற்கு முன்னால், அந்த டயக்னோசிஸ் வரியைப் படிங்க. ஆங்கிலம் தெரியாவிட்டால் கூட வந்த பிள்ளையைப் படிக்கச் சொல்லுங்க. வலதா இடதா? தோல் கிழிந்த முறிவா, கிழியாததா? விபத்துத் தேதி சரியா? தப்பு இருந்தால் அப்பவே கேட்டால் ஐந்து நிமிஷ வேலை, ஆறு மாதம் கழித்துக் கேட்டால் எத்தனை நடை என்று சொல்லமுடியாது. விபத்து என்றால் ஏ.ஆர். காப்பி கேட்டு வாங்குங்க. எக்ஸ்ரே ஃபிலிமை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் படம் எடுங்க, மூலையில் இருக்கிற பெயரும் தேதியும் விழணும். ஃபிலிமைச் சுருட்டிப் பரணில் போடாதீங்க, ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும்.

அடுத்தடுத்து பார்க்கப் போகும்போது ஒரு கேள்வியை மறக்காமல் கேளுங்க: 'டாக்டர், எலும்பு நேராச் சேருதா?' கோணலாகச் சேர்கிறது என்று அவர் வாயால் சொன்னால், 'அதைச் சீட்டில் எழுதிக் கொடுங்க' என்று மரியாதையாகக் கேளுங்க. எந்த நல்ல மருத்துவரும் கோபப்பட மாட்டார். சீக்கிரம் தெரிந்தால் எலும்பு கெட்டியாவதற்கு முன்னாலேயே சரிசெய்ய வழி இருக்கலாம், அதுதான் எல்லாவற்றையும்விடப் பெரிய லாபம். நடக்கமுடியாமல் வீட்டில் இருப்பவருக்கு மக்களைத் தேடி மருத்துவம் மூலம் இயன்முறை சிகிச்சை வீட்டுக்கே வரும், ஆரம்ப சுகாதார நிலையத்தில் சொல்லிவையுங்க.

பழைய காகிதம் தொலைந்துவிட்டதா? இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002-ம் ஆண்டு ஒழுங்குமுறைப்படி, உள்நோயாளியின் பதிவேடுகளை 3 வருஷம் வைத்திருக்கவேண்டும், நோயாளி கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தரவேண்டும். எழுதிக் கேளுங்க, கேட்ட கடிதத்தின் நகலில் தேதியோடு கையெழுத்து வாங்குங்க. காப்பீட்டுத் திட்டத்தில் சந்தேகம் என்றால் 1800 425 3993. பொதுவான மருத்துவ ஆலோசனைக்கு 104.

டிஸ்சார்ஜ் சம்மரி எடுத்துவந்தவர்கள் இருந்தால் முன்னால் வாங்க. உங்க டயக்னோசிஸ் வரியை ஒவ்வொன்றாகச் சேர்ந்து படிச்சிடலாம்.